ஏணிக் கல்யாணம் வாரியத்துக்குப் போன கதை

‘ஏணிக் கல்யாணம்’ என்ற இரண்டு ரீல் சிரிப்புப் படத்தில் ஒழுக்கக்கேடு எங்கே ஒளிந்திருக்கிறது என்று கண்டுபிடிக்க, மாநிலத் தணிக்கை வாரியம் அதை நாலாவது தடவையாகப் பார்க்கப்போகிறது என்று தகவல் வந்தது. பார்க்கும் நாள் விடிந்தபோது, படத்தை எடுத்த ஆர்லோ ப்ரிட்செட் தலைநகரத்து விடுதி ஒன்றில் முட்டையும் ரொட்டியும் ஆறிப்போக உட்கார்ந்திருந்தான்.

அவன் கவலைப்பட இரண்டு காரணங்கள் இருந்தன. ஒன்று, அவனுடைய முதலாளி குஸ்தாவ் பால்மர். சாசேஜ் வியாபாரத்திலிருந்து சினிமாவுக்கு வந்தவர். வாரியத்தின் முத்திரை இல்லாத படத்தை அந்த மாநிலத்தில் எந்தக் கொட்டகையிலும் ஓட்ட முடியாது. ஓட்டாத படத்தை வைத்துக்கொண்டு என்ன செய்வது என்று அவருக்குத் தெரியவில்லை. விற்காத சாசேஜையாவது வீட்டில் தின்றுவிடலாம். ஆர்லோவை ரயிலேற்றி அனுப்பும்போது அவர் சுருக்கமாகச் சொல்லியிருந்தார்: “முத்திரையோட வா. இல்லன்னா படப்பெட்டி மட்டும் வந்தா போதும், நீ வர வேண்டாம்.”

இரண்டாவது காரணம் டெஸ்ஸி காஃப்லின். படத்தின் கதாநாயகி. சலவைக்காரக் குடும்பத்துப் பெண். ஏணியிலிருந்து விழச் சொன்னால் எந்தப் பக்கம் விழ வேண்டும் என்று மட்டும் கேட்பவள். அவளுக்குக் கலிபோர்னியாவில் ஒரு கம்பெனி வேலை கொடுத்திருந்தது. அன்று மத்தியானம் மேற்கே போகும் ரயிலில் அவள் போகிறாள். அந்த ரயில் தலைநகரத்தில் கொஞ்ச நேரம் நிற்கும். முத்திரையைச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு ஸ்டேஷனுக்குப் போய், போகாதே, என்னைக் கல்யாணம் செய்துகொள் என்று கேட்பதாக ஆர்லோ திட்டம் போட்டிருந்தான். குளிர்காலம் போகட்டும், அப்புறம் கேட்கலாம் என்று முன்பு நினைத்தான். பிறகு படப்பிடிப்பு முடியட்டும் என்று நினைத்தான். இப்போது படம் பாஸாகட்டும் என்றிருந்தான். யாராவது ஒருவர் அனுமதி கொடுத்தால்தான் அவனுக்கு வாய் திறக்கும்.

படத்தின் கதை கேடு கெட்டது என்று சொல்ல முடியாது. ஒரு மளிகைக்கடைக்காரர் தம் மகள் எமிலியை, சவப்பெட்டி விற்கும் ஒரு பணக்காரருக்குக் கொடுப்பதாக வாக்குக் கொடுத்துவிடுகிறார். எமிலிக்கு எதிர்வீட்டுப் பையன் பாபி மேல் ஆசை. அவள் முகத்தில் பழப்பாகைப் பொட்டுப் பொட்டாக வைத்துக்கொண்டு அம்மை வந்ததாகப் படுத்துக்கொள்கிறாள். பாபி நர்ஸ் வேஷத்தில் வருகிறான். இருவரும் ஜன்னலில் ஏணி வைத்து இறங்கிப் பால்வண்டியில் ஓடுகிறார்கள். அப்பா ஊறுகாய்ப் பீப்பாயில் விழுந்து எழுந்து சைக்கிளில் துரத்துகிறார். அவர் வந்து சேர்வதற்குள் மாஜிஸ்திரேட் முன்னால் முத்தம் கொடுத்து, கல்யாணம் நடந்து, படம் முடிகிறது.

வாரியத்தில் மூன்று பேர். தலைவர், ஓய்வுபெற்ற பாதிரியார் தாடியஸ் க்ரல். அவர் படம் பார்க்கும்போது வாயில் ஒரு புதினா மிட்டாயைக் கடித்துப் பிடித்திருப்பார். வாரியத்தார் சிரிக்கக் கூடாது என்பது அவர் போட்ட விதி. சிரிப்பு வந்தால் படம் உள்ளே புகுந்துவிட்டது என்று அர்த்தம். அடுத்தவர் திருமதி விங்கேட், மாதர் சங்கத் தலைவி, முப்பது வருஷம் குடும்பம் நடத்தியவர். மூன்றாமவர் ஹோபார்ட் டில். அவர் கால்நடை இன்ஸ்பெக்டராக இருந்தவர். கவர்னரின் தேர்தலுக்கு ஓடியாடி உழைத்ததற்காக அவருக்கு ஒரு பதவி தர வேண்டியிருந்தது. காலியாக இருந்தது இதுதான். விளக்கை அணைத்ததும் அவர் தூங்கிவிடுவார். கை தூக்க வேண்டிய நேரத்தில் திருமதி விங்கேட் அவரை விசிறியால் தட்டுவார்.

முதல் தடவை பார்த்தபோது பாதிரியார், மகள் அப்பாவுக்குத் தெரியாமல் ஓடுவது கூடாது என்றார். ஓடட்டும், ஆனால் தெரிந்து ஓடட்டும். ஊமைப்படத்தில் ஒரு வசதி உண்டு: நடிப்பை மாற்ற வேண்டாம், நடுவே வரும் எழுத்து அட்டையை மாற்றினால் கதையே மாறிவிடும். ஆர்லோ ஊருக்குப் போய் அட்டைகளை மாற்றி எழுதி ஒட்டிக்கொண்டு வந்தான். இப்போது அப்பா சம்மதித்துவிட்டார். மாடிப்படிக்குப் புதிதாக வர்ணம் பூசியிருப்பதால் எமிலி ஏணியில் இறங்குகிறாள். அவள் மறந்துவிட்டுப் போன குடையைக் கொடுக்க அப்பா சைக்கிளில் துரத்துகிறார். கையில் குடை இல்லை, கறி வெட்டும் கத்திதான் இருக்கிறது என்று ஆர்லோ தயங்கிச் சொல்லிப் பார்த்தான். அட்டையில் குடை என்று எழுதியிருந்தால் ஜனங்கள் குடை என்றுதான் எடுத்துக்கொள்வார்கள் என்று பாதிரியார் விளக்கினார்.

இரண்டாம் தடவை திருமதி விங்கேட், நிச்சயமானவர்கள் முத்தமிடக் கூடாது என்றார். ஆகவே எமிலியும் பாபியும் படம் ஆரம்பிக்கும் முன்பே கல்யாணமானவர்கள் ஆனார்கள். மாஜிஸ்திரேட்டிடம் அவர்கள் போவது நாய்க்கு உரிமம் வாங்க.

மூன்றாம் தடவையும் அந்த அம்மாளுக்குத் திருப்தி இல்லை. “கல்யாணமானவங்க இப்படி முத்தம் கொடுத்து நான் பாத்ததில்ல, மிஸ்டர் ப்ரிட்செட். என் வீட்டுக்காரர் விங்கேட் அந்த மாதிரி செஞ்சா நான் டாக்டரைத்தான் கூப்பிடுவேன். ஜனங்க நம்ப மாட்டாங்க” என்றார். அதனால் எமிலியின் கண்ணில் விழுந்த தூசியைப் பாபி ஊதி எடுக்கிறான் என்று ஓர் அட்டை சேர்ந்தது.

இப்படி மூன்று தடவை திருந்திய படம் எதைப் பற்றியது என்று ஆர்லோவுக்கே பிடிபடவில்லை. கல்யாணமான ஒரு தம்பதி, பெண்ணின் அப்பாவுடைய முழுச் சம்மதத்தோடு, அம்மை கண்ட முகத்தோடு, பால்வண்டியில் நாய்க்கு உரிமம் வாங்கப் போகிறார்கள். இனிமேல் இதில் குற்றம் காண என்ன இருக்கிறது என்ற நம்பிக்கையில்தான் அவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அன்று வாரியத்துக்குப் போனான்.

அரசாங்கக் கட்டிடத்தின் மேல்மாடியில், ஜன்னலுக்கெல்லாம் கறுப்புத்துணி அடித்த அறை. வெளியே நல்ல வெயில். உள்ளே அடுப்பு மாதிரி புழுங்கியது. நண்பகலுக்கு முன் முடிந்துவிடும் என்று சொல்லியிருந்தார்கள். பாதிரியார் நண்பகலுக்குப் பிறகுதான் வந்தார். அவருடன் ஒரு மெலிந்த பெண்மணியும் வந்தார். காது கேளாதோர் பள்ளியின் ஆசிரியை மிஸ் யோஸ்ட். சின்ன வயதில் விஷக் காய்ச்சலில் செவி போனவர். பேசுவார், ஆனால் தம் குரல் எவ்வளவு உரக்க ஒலிக்கிறது என்பது அவருக்குத் தெரியாது.

படத்தைத் தொடங்கும் முன் பாதிரியார் எழுந்து நின்றார்.

“மிஸ்டர் ப்ரிட்செட், ஊமைப்படம் ஊமைப்படம்னு சொல்லி இத்தனை நாள் எங்களை ஏமாத்திட்டீங்க. உங்க நடிகருங்க வாயை அசைக்கிறாங்க. போன மாசம் ஒரு பிரபு மண்டிபோட்டுக் காதல் சொல்ற படத்துல, மிஸ் யோஸ்டோட பள்ளிக்கூடப் பிள்ளைங்க உதட்டைப் பாத்துப் புரிஞ்சுக்கிட்டு விழுந்து விழுந்து சிரிச்சிருக்காங்க. அந்தப் பிரபு தன் செருப்பு கடிக்கறதைப் பத்திப் பேசிக்கிட்டிருந்தானாம். அதுவும் என்ன வார்த்தையில. இனிமே இந்த மாநிலத்துல உதடும் தணிக்கைக்கு உட்பட்டது. யாருக்கும் கேக்காத பேச்சைக் கூட விடாம கண்காணிக்கிற முதல் வாரியம் நம்மதுதான். இதுல எனக்குப் பெருமை உண்டு.”

ஆர்லோவின் முதுகில் வியர்வை வழிந்தது. படப்பிடிப்பில் நடிகர்கள் வாய்க்கு வந்ததைப் பேசுவார்கள். அதை யார் கவனித்தார்கள்? அப்பாவாக நடித்த கிழவர் ஓ’டௌட் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர். பீப்பாய்க்குள் விழுந்தபோது அவர் பிரார்த்தனையா செய்திருப்பார்?

விளக்கு அணைந்தது. டில்லின் குறட்டை கிளம்பியது. மிஸ் யோஸ்ட் திரைக்கு மிக அருகில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, உதடுகளைப் பார்த்துப் பார்த்து, ஏற்ற இறக்கம் இல்லாத உரத்த குரலில் சொல்லத் தொடங்கினார். எழுத்தர் குறித்துக்கொண்டார்.

மளிகைக்கடைக்காரர் மகளை ஆசீர்வதிக்கும் இடத்தில், அவருடைய பொய்ப்பல் ஆடுவதாகச் சொல்கிறார் என்றார். சவப்பெட்டிக்காரர் மலர்க்கொத்தை நீட்டும்போது, நாயை யாராவது பிடித்துக் கட்டுங்கள் என்கிறார். நர்ஸ் வேஷத்தில் வந்த பாபி, நோயாளியின் கையைப் பிடித்து நெஞ்சு உருகக் கண்ணை மூடும் இடம் வந்தது. இந்த இடத்தைத்தான் மூன்று தடவையும் இளைஞர்களைக் கெடுத்துவிடும் என்று பாதிரியார் நிறுத்தி நிறுத்திப் பார்த்திருந்தார்.

“வெங்காயம் தின்னியா? இந்த ஆளு சாப்பாட்டுக்கு எப்ப விடுவான்?” என்று மிஸ் யோஸ்ட் கத்தினார்.

பாதிரியாரின் வாயில் மிட்டாய் நொறுங்கும் சத்தம் கேட்டது. ஓ’டௌட் பீப்பாயில் விழுந்ததும் மிஸ் யோஸ்ட் பேச்சை நிறுத்தினார். தாம் ஒரு பெண் என்றும், இதை எழுதிக் காட்டவும் தயாராக இல்லை என்றும் சொன்னார். எழுத்தர் திரை வெளிச்சத்தில் முகத்தைக் காட்டி, ‘பிரார்த்தனை’ என்று எழுதட்டுமா என்று கேட்டதற்கு, அதில் கடவுளின் பெயர் வருகிறது, அதனால் ஓரளவுக்குப் பொருந்தும் என்றார்.

ஆர்லோ இருட்டில் கடிகாரத்தைச் சாய்த்துப் பார்த்தான். முள் தெரியவில்லை. தூரத்தில் ஒரு ரயில் ஊதியது. அது சரக்கு வண்டியாக இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டான்.

ஏணிக் காட்சி வந்தது. எமிலி ஜன்னலில் நிற்கிறாள். பாபி ஏணியின் பாதியில். அவள் பாபியைப் பார்க்காமல், சற்றே பக்கவாட்டில், காமிராவுக்கு அருகே யாரையோ பார்த்துப் பேசுகிறாள். மிஸ் யோஸ்ட் நாற்காலியை இன்னும் முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

“ஆர்லோ, நீ கேப்பே கேப்பேன்னு காத்திருந்து எனக்கு அலுத்துப்போச்சு. நானே கேக்கறேன். என்னைக் கட்டிக்கிறியா?”

எழுத்தர் அதையும் குறித்துக்கொண்டார்.

“ஏணியில இருக்கற பையன் சொல்றான்: அவன் காதுல விழல, மறுபடி கேளு. பொண்ணு சொல்றா: ஒரு தடவை போதும்.”

ஆர்லோவுக்கு அந்த நாள் கண்முன் வந்தது. மே மாதம். காமிரா கடகடக்கிறது. பக்கத்து செட்டில் தச்சர்கள் ஆணி அடித்துக்கொண்டிருக்கிறார்கள். டெஸ்ஸி ஜன்னலில் நின்று அவனைப் பார்த்து ஏதோ சொல்கிறாள். நன்றாக நடிக்கிறாள் என்று நினைத்து, அவன் ஒலிபெருக்கிக் குழலை வாயில் வைத்துக் கத்தினான்: இன்னும் வேகமா, டெஸ்ஸி, கையை ஆட்டு, வேகமா.

அவள் கையை ஆட்டினாள். திரையிலும் ஆட்டிக்கொண்டிருந்தாள்.

அடுத்துப் பால்வண்டிக் காட்சி. அது ஏணிக் காட்சிக்குப் பிறகு எடுத்தது. எமிலி, பாபியாக நடித்த பெர்சியின் தோளில் சாய்ந்து சிரிக்கிறாள். “பதில் தெரிஞ்சுபோச்சு, பெர்சி. நான் கலிபோர்னியாவுக்கு எழுதிப் போடறேன்” என்று மிஸ் யோஸ்ட் படித்தார்.

பாதிரியார் விளக்கைப் போடச் சொன்னார். படத்தில் ஆர்லோ என்று ஒரு பாத்திரமே கிடையாதே, அது யார் என்று விசாரித்தார். ஆர்லோ எழுந்தான். நான்தான் என்று சொல்ல வாயெடுத்தான், குரல் வரவில்லை. மிஸ் யோஸ்ட் அவன் உதட்டைப் பார்த்து, தானேதான் என்கிறார் என்று சபைக்குச் சொன்னார்.

“அப்ப இது நடிப்பு இல்ல. நிஜமாவே ஒரு பொண்ணு ஒரு ஆம்பளையைப் பாத்துக் கல்யாணத்துக்குக் கேட்டிருக்கா. இதை நாம ஊருக்கெல்லாம் போட்டுக் காட்டறதா?” என்றார் பாதிரியார்.

திருமதி விங்கேட் ஒரு சட்டப் பிரச்சினையைக் கிளப்பினார். இது லீப் வருஷம். லீப் வருஷத்தில் பெண் கேட்கலாம் என்று வழக்கம் இருக்கிறது. ஆகவே இதில் தவறில்லை. பாதிரியார் யோசித்தார். 1916 லீப் வருஷம்தான், ஆனால் படத்துக்கு முத்திரை கொடுத்தால் அது அடுத்த வருஷமும் ஓடும். அப்போது அதே பெண் அதே கேள்வியைக் கேட்டால் ஒழுக்கக்கேடு ஆகிவிடுமே என்றார். டிசம்பர் கடைசி வரை மட்டும் செல்லும் முத்திரை ஒன்றைச் செய்யச் சொல்லலாமா என்று பேச்சு போயிற்று. முத்திரை வெட்டுபவர் யார், அவருக்கு எந்த இலாகா உத்தரவு கொடுப்பது என்பதில் அது சிக்கிக்கொண்டது.

ஆர்லோ இப்போது விளக்கு வெளிச்சத்தில் கடிகாரத்தைப் பார்த்தான். ரயில் ஸ்டேஷனுக்கு வந்திருக்கும். கிளம்பவும் போகிறது.

தான் ஸ்டேஷன் வரை போய் வர அனுமதி வேண்டும் என்று கேட்டான்.

“தாராளமா போகலாம்” என்றார் பாதிரியார். “மனுதாரர் பரிசீலனை நடுவுல எழுந்து போனா, மனுவை வாபஸ் வாங்கினதா அர்த்தம். படப்பெட்டி அரசாங்கத்துக்குச் சேரும். நாங்க கட்டாயப்படுத்த மாட்டோம். வாரியம் யாரோட சுதந்திரத்துலயும் தலையிடறதில்ல.”

ஆர்லோ உட்கார்ந்தான். பால்மரின் முகம் நினைவுக்கு வந்தது. எழுந்தான். திரையில் ஜன்னலோரம் நின்ற டெஸ்ஸியின் முகம் நினைவுக்கு வந்தது. அப்படியும் கால் நகரவில்லை. மறுபடி உட்கார்ந்தான். இதையெல்லாம் எழுத்தர் எழுதிக்கொண்டிருந்தார்.

“அந்தப் பொண்ணு இன்னைக்கா போவுது?” என்று ஒரு கரகரப்பான குரல் கேட்டது.

டில் விழித்திருந்தார். எப்போது விழித்தார் என்று யாருக்கும் தெரியாது. ஆர்லோ தலையாட்டினான்.

“பின்னே இங்க என்ன பண்றே? எந்திரி.” அவர் தொப்பியை எடுத்தார். “கீழே வண்டி நிக்குது.”

“மிஸ்டர் டில், நீங்க போயிட்டா மூணு பேர் இருக்க மாட்டோம். கூட்டம் செல்லாது” என்றார் பாதிரியார்.

“அப்ப செல்லாமயே கிடக்கட்டும்” என்றார் டில்.

ஆர்லோ வாசலை நோக்கி நடந்தான். பெட்டியைத் திரும்பிப் பார்த்தான். ஒரு குளிர்காலமும் ஒரு வசந்தமும் அதற்குள் இருந்தன. பிறகு படிகளில் ஓடினான்.

டில்லின் ஃபோர்டு கிளம்புவதற்குள் இரண்டு பேரும் மாறி மாறிக் கைப்பிடியைச் சுற்றினார்கள். ஸ்டேஷனுக்குள் நுழைந்தபோது ரயிலின் கடைசிப் பெட்டி வளைவில் திரும்பிக்கொண்டிருந்தது. ஆர்லோ பிளாட்பாரத்தில் நின்றுவிட்டான். கிடைத்திருக்க வேண்டியதெல்லாம் கைவிட்டுப் போய்விட்டது என்று தோன்றியது: படம் அங்கே, வேலை அங்கே, அவள் அந்தப் புகையில்.

டில் ஸ்டேஷன் மாஸ்டரிடம் ஏதோ கேட்டுவிட்டு வந்தார். ரயில் பிளம் க்ரீக்கில் தண்ணீர் பிடிக்க நிற்கும். தண்டவாளம் ஏரியைச் சுற்றிப் போகிறது, நாம் மேய்ச்சல் நிலத்துக்குள்ளே குறுக்கே போனால் பிடித்துவிடலாம் என்றார்.

குறுக்கே போனார்கள். சாலை என்று எதுவும் இல்லை. ஒவ்வொரு வேலிப்படலுக்கும் ஆர்லோ குதித்து இறங்கித் திறந்து மூடினான். மூடாமல் விட டில் சம்மதிக்கவில்லை. இடப்பக்கம், ஏரிக்கு அப்பால், ரயில்புகை அவர்களோடு கூடவே வந்துகொண்டிருந்தது. கொஞ்சம் முந்தியும் இருந்தது.

பாதி வழியில் ஒரு விவசாயி வண்டிக்கு முன்னால் கையை விரித்துக்கொண்டு நின்றான். ஸ்வென்சன் என்று பேர். டில்லைப் பார்த்ததும் அவன் முகம் மலர்ந்தது. பசு இரண்டு நாளாகத் தின்னவில்லை, நாக்கைப் பாருங்கள் என்றான். டில் இப்போது கால்நடை இன்ஸ்பெக்டர் இல்லை, சினிமா இன்ஸ்பெக்டர் என்று ஆர்லோ எடுத்துச் சொன்னான். ஸ்வென்சன் அதை நம்பவில்லை. டில் இறங்கிவிட்டார்.

“மிஸ்டர் டில், ரயில்” என்றான் ஆர்லோ.

“தெரியும்ப்பா. கோமாரியா இருந்தா இந்தப் பக்கத்து மந்தை அத்தனையும் போயிடும். நாக்கை நீட்டச் சொல்லு.”

யாரிடம் சொல்வது என்று தெரியாமல் ஆர்லோ பசுவின் தலையைப் பிடித்துக்கொண்டான். டில் அதன் வாயைத் திறந்து, நாக்கை இழுத்து, மேலும் கீழும் பார்த்தார். அவர் எந்தப் படத்தையும் அவ்வளவு கவனமாகப் பார்த்ததில்லை. கோமாரி இல்லை, முள் குத்தியிருக்கிறது என்று சொல்லி அதைப் பிடுங்கி ஸ்வென்சனின் உள்ளங்கையில் வைத்தார். ஏரிக்கு அப்பால் புகையைக் காணவில்லை.

பிளம் க்ரீக்கில் ஒரு தண்ணீர்த் தொட்டி, ஒரு தானியக் கிடங்கு, ஒரு முடிவெட்டும் கடை. அவர்கள் வந்தபோது என்ஜினின் மேலிருந்து தண்ணீர்க்குழாயைத் தூக்கிக்கொண்டிருந்தார்கள். ஆர்லோ வண்டி நிற்பதற்குள் குதித்து, ஒவ்வொரு ஜன்னலாகப் பார்த்துக்கொண்டு ஓடினான். டெஸ்ஸி கடைசிக்கு முந்திய பெட்டியில் ஹாம் சாண்ட்விச் தின்றுகொண்டிருந்தாள். அவனைப் பார்த்ததும் மெல்லுவதை நிறுத்தினாள். எழுந்து வாசற்படிக்கு வந்தாள்.

“முத்திரை கிடைச்சுதா?” என்று கேட்டாள்.

“இல்ல. விட்டுட்டு வந்துட்டேன்.”

“படத்தையா?”

“பெட்டியோட. டெஸ்ஸி, அங்க உதட்டைப் படிக்கிற ஒரு அம்மா வந்தாங்க. நீ ஜன்னல்ல நின்னு என்ன சொன்னேன்னு எனக்கு இன்னைக்குத்தான் தெரியும்.”

அவள் முகம் சிவந்தது. “யார் யார் முன்னால படிச்சாங்க?”

“பாதிரியார், மாதர் சங்கத் தலைவி, எழுத்தர்…”

“கவர்னரை விட்டுட்டியே. அவரையும் கூப்பிட்டிருக்கலாம்.” அவள் சாண்ட்விச்சைக் காகிதத்தில் சுற்றினாள். “மே மாசம் கேட்டேன், ஆர்லோ. நீ வேகமா கையை ஆட்டுன்னே.”

“ஆணி அடிச்சுக்கிட்டிருந்தாங்க.”

“இப்ப யாரும் அடிக்கல.”

என்ஜின் ஊதியது. கார்டு கொடியை விரித்தார். ஆர்லோ சுற்றிலும் பார்த்தான், பழக்கத்தில். யாராவது தலையாட்டுவார்கள் என்பது போல. டில் தூரத்தில் வண்டியின் டயரை உதைத்துப் பார்த்துக்கொண்டிருந்தார். யாரும் இல்லை. பெட்டி ஓர் உலுக்கு உலுக்கி நகர்ந்தது. அவன் கூடவே நடந்தான்.

“எனக்கு வேலை போயிடும். படமும் போச்சு. என்னைக் கட்டிக்கிறியா?” என்றான்.

“கலிபோர்னியாவுக்கு நீயும் வருவியா?”

“வருவேன்.”

“அங்கயும் எவனாவது வாரியம் வெச்சிருந்தா?”

“கேக்க மாட்டேன், டெஸ்ஸி. எவனையும் கேக்க மாட்டேன்.”

அவன் இப்போது ஓடிக்கொண்டிருந்தான். அவள் இன்னும் ஒரு கணம் அவனை ஓடவிட்டாள். மே மாதத்திலிருந்து காத்திருந்தவளுக்கு அந்த உரிமை உண்டு. பிறகு, ரயிலிலிருந்து குதிக்கும்போது எந்தப் பக்கம் விழ வேண்டும் என்று அவளுக்கு நன்றாகத் தெரிந்திருந்ததால், சரியான பக்கமே குதித்தாள். அவளுடைய டிரங்குப் பெட்டி மட்டும் கலிபோர்னியாவுக்குப் போயிற்று.

பிளம் க்ரீக்கின் முடிவெட்டும் கடைக்காரர்தான் அந்த ஊருக்கு மாஜிஸ்திரேட்டும். ஒரு தாடையில் சோப்பு நுரையோடு இருந்த வாடிக்கையாளரைக் காத்திருக்கச் சொல்லிவிட்டு அவர் கல்யாணத்தை நடத்தி வைத்தார். சாட்சிக் கையெழுத்தை டில் போட்டார். தொழில் என்ற இடத்தில் உள்ளது உள்ளபடி, வாரிய உறுப்பினர் என்று எழுதினார்.

அந்த நேர்மைதான் வினையாயிற்று. முடிவெட்டும் கடைக்காரர் அந்தக் கையெழுத்தைப் பத்திரிகைக்காரர் ஒருவரிடம் காட்ட, விஷயம் தலைநகருக்குப் போய்ச் சேர்ந்தது. வாரியம் கூடியது. மூன்றாவது ஆளாக எழுத்தரையே அன்றைக்கு மட்டும் உறுப்பினராக்கிக்கொண்டார்கள். ‘ஏணிக் கல்யாணம்’ முழுவதுமாகத் தடை செய்யப்பட்டது. உத்தரவைப் பாதிரியார் தம் கையாலேயே எழுதினார்:

“இப்படம் இளம் ஜோடிகளின் கள்ளத் திட்டங்களுக்கு மக்களைத் தூண்டும் என்று இவ்வாரியம் தொடக்கத்திலிருந்தே அஞ்சியது. அது இப்போது ஐயமற நிரூபணமாகியுள்ளது. இதைத் திரும்பத் திரும்பக் காண நேர்ந்த இவ்வாரியத்தின் உறுப்பினர் ஒருவரே, அறுபது வயதில், பட்டப்பகலில், அலுவல் நேரத்தில், தம் சொந்த மோட்டாரில் ஓர் இளைஞனை ஏற்றிச் சென்று, ஓடும் ரயிலிலிருந்து ஒரு பெண் குதிக்கக் காரணமாகி, பெற்றோருக்குத் தெரியாத திருமணத்துக்குச் சாட்சியும் ஆகியுள்ளார். கால்நடைத் துறையில் இருபது ஆண்டுகள் மாசற்றுப் பணியாற்றியவரையே இப்படம் இப்படிச் செய்யுமானால், சாதாரண மக்களின் கதி என்ன?”

பால்மருக்கு உத்தரவின் நகல் வந்தது. சாசேஜ் விற்றவருக்கு நல்ல விளம்பர வாசகம் எது என்று சொல்லித் தர வேண்டியதில்லை. தம்மிடமிருந்த மூலச் சுருளிலிருந்து இன்னொரு பிரதி போட்டு, பழைய அட்டைகளையே ஒட்டி, வாரியம் எதுவும் இல்லாத பக்கத்து மாநிலத்தில் படத்தை வெளியிட்டார். பாதிரியாரின் வாசகம் அத்தனையும் ஓர் எழுத்துக் குறையாமல் போஸ்டரில் அச்சானது. தலைநகரத்திலிருந்து ஜனங்கள் ஞாயிற்றுக்கிழமைகளில் எல்லை தாண்டி ரயிலேறிப் போய்ப் பார்த்தார்கள். கலிபோர்னியாவில் இருந்த ஆர்லோவுக்குத் திரும்பி வா என்று தந்தி போயிற்று. டெஸ்ஸியைக் கேட்டுத்தான் பதில் எழுதுவான் என்று பால்மர் எதிர்பார்த்தார். அவன் யாரையும் கேட்காமல், வரமாட்டேன் என்று அன்றைக்கே பதில் கொடுத்துவிட்டான். கேட்டிருக்கலாமே என்று டெஸ்ஸி ஒரு வாரம் அவனோடு பேசவில்லை என்பது வேறு விஷயம்.

டில் பழையபடி மாடுகளிடம் போனார். அதை எல்லோரும் தண்டனை என்று சொன்னார்கள், அவரும் மறுக்கவில்லை.

ஆனால் வாரியத்தின் கவலை அதோடு தீரவில்லை. படம் பார்ப்பது உறுப்பினர்களையே கெடுக்கிறது என்று நிரூபணமாகிவிட்ட பிறகு, மற்ற இருவரையும் தொடர்ந்து அந்த ஆபத்தில் விடுவது நியாயமா என்று பாதிரியார் கேட்டார். நியாயமில்லை என்று ஒருமனதாக முடிவாயிற்று. அன்று முதல் அந்த மாநிலத்தில் தணிக்கை வாரியம் படம் பார்ப்பதில்லை. பெட்டிகள் வருகின்றன, பாதிரியார் மேலே ஒட்டியிருக்கும் பெயரைப் படிக்கிறார், திருமதி விங்கேட் பெட்டியைக் கையால் தொட்டுப் பார்க்கிறார், முத்திரை விழுகிறது அல்லது விழாமல் போகிறது. முன்பை விட வேலை வெகு வேகமாக நடப்பதாகவும், மற்ற இலாகாக்கள் இதைப் பார்த்துக் கற்றுக்கொள்ள வேண்டும் என்றும் கவர்னர் தம் ஆண்டு உரையில் பாராட்டினார்.